தார் முடியும் இடம்

மலேசியாவின் சிலாங்கூர் மாநிலத்தில், பத்தாங் பெர்ஜுந்தையிலிருந்து கோலா சிலாங்கூர் பக்கம் போகும் வழியை இங்கே நான் சாலை என்று எழுதப்போகிறேன். ஆனால் வாய்ப் பேச்சில் ஒருநாளும் அதை அப்படிச் சொன்னதில்லை. எங்களுக்கு அது சடக்கு. அதிலும் இரண்டு வகை உண்டு. பட்டணத்துக்குப் போவது பெரிய சடக்கு. லயத்திலிருந்து, அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளிலிருந்து, பெரிய சடக்கு வரை வருவது தோட்டச் சடக்கு. பெரிய சடக்கு என்று பெயர்தானே ஒழிய, நான் பள்ளிக்குப் போன காலத்தில் இரண்டு லாரிகள் எதிரெதிரே வந்துவிட்டால், அவற்றுள் ஒன்று புல்லில் ஒரு சக்கரத்தை இறக்கித்தான் வழிவிட வேண்டும். இன்றைக்கும் முழு நீளத்தையும் மோட்டார் சைக்கிளில் அரை மணி நேரத்துக்குள் ஓட்டி முடித்துவிடலாம். நின்று படம் எடுக்கும்படியான மலையோ அருவியோ அதில் இல்லை. செம்பனை எண்ணெய் ஆலை ஒன்றின் எடைமேடை அறையில் முப்பத்தைந்து ஆண்டுகள் உட்கார்ந்து, அந்தச் சடக்கில் வந்து போனவற்றையெல்லாம் நம்பர் வாரியாகப் பதிந்து வைத்தவன் நான். அந்த உரிமையில்தான் இதை எழுதுகிறேன்.

அரசாங்கப் பட்டியலில் இது ஒரு மாநிலச் சாலை. தீபகற்பத்தின் பழைய கூட்டரசுச் சாலைகளுக்கு, அதாவது மத்திய அரசாங்கத்தின் சாலைகளுக்கு, வெறும் எண் மட்டும் உண்டு. கோலா சிலாங்கூர் வழியாக மேற்குக் கரையை ஒட்டிப் போகும் சாலை 5 என்ற எண்ணைச் சுமக்கிறது. மாநிலச் சாலை என்றால் எண்ணுக்கு முன்னால் ஓர் எழுத்து சேரும். பேராக்குக்கு ஏ, சிலாங்கூருக்கு பி, பகாங்குக்கு சி, கிளந்தானுக்கு டி, கெடாவுக்கு கே என்று போகும் அந்த எழுத்துகள், காடிகளின் நம்பர் பலகையில் முதலில் வரும் எழுத்துகளேதாம். எடைமேடைச் சீட்டில் ஒரு நாளைக்கு நூறு முறை பி, பி என்று எழுதிக்கொண்டிருந்த எனக்கு, நான் எந்தச் சடக்கின் ஓரத்தில் உட்கார்ந்திருக்கிறேனோ அதற்கும் அதே எழுத்துதான் என்பது வேலையில் சேர்ந்து பல ஆண்டுகள் கழித்தே தெரிந்தது. அதுவரை அந்தச் சடக்குக்கு ஓர் எண் இருக்கிறது என்பதே எனக்குத் தெரியாது. யாரும் அதைச் சொல்லி வழி கேட்டதில்லை. எல்லாரும் கட்டைக் கணக்கில்தான் கேட்பார்கள்.

கட்டை என்றால் மைல். சாலையோரம் நட்டிருந்த மைல் கற்களைப் பார்த்து எங்கள் ஆட்கள் வைத்த பெயர் அது. மலாய்க்காரர்கள் அதையே பத்து என்பார்கள். அவர்கள் மொழியில் பத்து என்றால் கல். நான்காம் கட்டையில் கள்ளுக்கடை, ஏழாம் கட்டையில் முனியாண்டி கோயில் என்று முகவரியே அப்படித்தான் இருந்தது. 1972-இல் எடை, அளவுச் சட்டம் வந்து, நாடு மெட்ரிக் முறைக்கு மாறியபோது மைல் கற்கள் போய்க் கிலோமீட்டர் கற்கள் வந்தன. கல் மாறியது, கட்டை மாறவில்லை. இன்றும் ஏழாம் கட்டை என்று சொன்னால் என் வயதுக்காரர்கள் சரியான இடத்தில் இறங்கிவிடுவார்கள். என் பேரப் பிள்ளைகள் கைப்பேசியில் தேடிப் பார்த்துவிட்டு, அப்படி ஓர் இடமே இல்லை என்கிறார்கள்.

இந்தச் சடக்குக்கு முன்னால் இருந்தது ஆறு. சிலாங்கூர் ஆற்றின் முகத்துவாரத்தில், புக்கிட் மெலாவத்தி குன்றின் மேல் கோட்டை கட்டிக்கொண்டு பழைய சுல்தான்கள் ஆண்ட காலத்தில், உள்நாட்டுக்குப் போக வேண்டியவர்கள் படகில்தான் போனார்கள். 1870-களில் சுல்தானுக்கு ஆலோசகர் என்ற பெயரில் ஆங்கிலேய ரெசிடெண்ட் சிலாங்கூருக்கு வந்த பிறகும் வெகுகாலம் இந்தப் பக்கத்துக் காடு காடாகத்தான் கிடந்தது. அதை வெட்டச் சொல்லி ஆள் கொண்டுவந்தது ரப்பர். எங்கள் பேச்சில் கித்தா. 1909, 1910-ஐ ஒட்டி உலகச் சந்தையில் ரப்பர் விலை ஏறிய ஏற்றத்தில், காட்டை வாங்கித் தோட்டமாக்க வெள்ளைக்காரத் துரைமார் போட்டி போட்டார்கள். ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் நிறுத்தப்பட்டாலும், கங்காணிகள் ஊருக்குப் போய் ஆள் பிடித்து வந்தார்கள். 1907-இல் ஏற்படுத்தப்பட்ட தமிழர் குடியேற்ற நிதி கப்பல் செலவை ஏற்றது. அந்த வழியில் வந்தவர்களில் ஒருவர் என் தாத்தா. 1938-இல் இந்திய அரசாங்கம் கூலியாட்கள் உதவி பெற்று மலாயாவுக்குப் போவதைத் தடை செய்தது. அவர் வந்தது அதற்குச் சில ஆண்டுகள் முன்பு.

தாத்தா தோட்டத்தில் ரப்பர் மரத்துப் பால் வெட்டவில்லை. கொஞ்ச நாள் வெட்டிப் பார்த்துவிட்டு, வேலை வாங்கும் தண்டலோடு சண்டை போட்டுக்கொண்டு, பொதுப்பணித் துறையின் ரோட்டுக் கூட்டத்தில் சேர்ந்துவிட்டார். அந்தக் காலத்து மலாயாவில் ரயில்வேயிலும் பொதுப்பணித் துறையிலும் கூலி வேலை பார்த்தவர்களில் பெரும்பகுதி தமிழர்கள்தாம். ஒரு கூட்டத்துக்கு இத்தனை கட்டை என்று பிரித்துக் கொடுத்திருப்பார்கள். ஓரப் புல்லை வெட்டுவது, காண் என்ற ஓர வாய்க்காலைச் சுத்தம் செய்வது, குழி விழுந்த இடத்தில் கல் கொட்டி இடிப்பது, அதன் மேல் தார் ஊற்றி மணல் தூவுவது என்று வருடம் முழுவதும் அந்தச் சில கட்டைகளுக்குள்ளேயே வேலை சுழலும். சடக்கு ஓரத்திலேயே அரசாங்க லயம். தோட்ட லயத்துக்கும் அதற்கும் கூரையில் வித்தியாசம் இல்லை. ஆனால் அரசாங்க லயத்தில் இருப்பவன் பெரட்டுக்கு, அதாவது காலையில் ஆள் கணக்கெடுக்கும் வரிசையில், நிற்க வேண்டியதில்லை என்பதைத் தாத்தா சாகும்வரை பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

அவர் சொல்லித்தான் சடக்கு ஏன் இப்படி வளைகிறது என்பதும் எனக்குத் தெரிந்தது. மட்டமான நிலத்தில், ஒரு குன்றுகூடக் குறுக்கே இல்லாத இடத்தில், நேராகப் போகிற சடக்கு காரணமே இல்லாமல் இடப்பக்கம் ஒடியும். அரைக் கட்டை போய் மறுபடி வலப்பக்கம் ஒடியும். புதிதாக வருகிறவர்கள் வரைந்தவன் குடித்திருந்தான் என்பார்கள். அந்த ஒடிவுகளில் இறங்கிப் பார்த்தால் ஒவ்வொன்றிலும் ஒரு தோட்டம் முடிந்து இன்னொன்று தொடங்குகிறது. தோட்டம் முதலில் வந்தது, சடக்கு பிறகு வந்தது, அதனால் சடக்குதான் எல்லையைச் சுற்றிப் போக வேண்டியதாயிற்று என்பது தாத்தாவின் கணக்கு. பத்திரங்களைப் புரட்டி நான் இதை ஆராய்ந்ததில்லை. ஆனால் என் காலத்தில் நடந்த மூன்று எல்லைத் தகராறுகளிலும் அளவைக்காரர் முளை அடித்த இடம் வளைவின் மூக்கிலேயே இருந்தது.

ரப்பர் காலத்துச் சடக்கு அவசரமில்லாத சடக்கு. காலையில் வெட்டிய பால் தோட்டத்துக்குள்ளேயே ஸ்டோருக்குப் போய், அமிலம் ஊற்றி உறைந்து, தகடாக அழுத்தப்பட்டு, புகைக்கூண்டில் காய்ந்துவிடும். காய்ந்த ஷீட்டு ஒரு வாரம் கழித்துப் போனாலும் கெட்டுவிடாது. மாட்டு வண்டியும் செம்மண் பாதையும் அதற்குப் போதும். மழைக்காலத்தில் வண்டி புதைந்தால் நாளைக்குத் தூக்கிக்கொள்ளலாம். செம்பனை அப்படியல்ல. குலையை மரத்திலிருந்து வெட்டிய கணத்திலிருந்து பழத்துக்குள் எண்ணெய் புளிக்கத் தொடங்கிவிடும். இருபத்துநான்கு மணி நேரத்துக்குள் ஆலைக்கு வந்து ஆவியில் வெந்தாக வேண்டும். தாமதமானால் எண்ணெயில் அமிலம் ஏறி விலை இறங்கும். ஒரு குலையே இருபது கிலோவுக்கு மேல் நிற்கும், லாரிக்கு நூற்றுக்கணக்கில் குலை. அந்தக் கனமும் அவசரமும் சேர்ந்துதான் எங்கள் சடக்குக்குத் தடித்த அடித்தளத்தையும் அகலத்தையும் வாங்கிக் கொடுத்தன.

அந்தச் செம்பனை வணிகப் பயிராக இந்த நாட்டில் முதன்முதலில் நடப்பட்டது வேறெங்கும் இல்லை, எங்கள் பத்தாங் பெர்ஜுந்தை வட்டாரத்தில்தான். ஆண்டு 1917. தோட்டத்தின் பெயர் தென்னமரம். ஆங்கில எழுத்தில் அதைப் பார்த்து வெளியூர்க்காரர்கள் ஏதோ மலாய்ப் பெயர் என்று நினைத்து நாக்கைச் சுழற்றுவார்கள். நம் தென்னைமரம்தான் அது. நட்டவர் ஆன்றி ஃபோகோனியே என்ற பிரெஞ்சுக்காரர். சுமத்திராவிலிருந்து விதை கொண்டுவந்தவர். பின்னாளில் மலாயாவை விட்டுப் போய், அங்கத்துத் தோட்ட வாழ்க்கையை வைத்து ஒரு நாவல் எழுதி, 1930-இல் பிரான்சின் கோன்கூர் பரிசைப் பெற்றார். செம்பனைக்கு இந்த நாட்டில் வழி திறந்த தோட்டத்துக்குத் தென்னையின் பெயர், அதுவும் தமிழில் என்பதை எத்தனை முறை நினைத்தாலும் எனக்குச் சிரிப்பு வரும். அந்தப் பெயரை வைத்த வாய் யாருடையது என்று ஒரு கல்லிலும் பொறித்து வைக்கவில்லை.

நான் வேலையில் சேர்ந்த 1981-ஐ நான் மறக்காததற்கு இன்னொரு காரணமும் உண்டு. அதுவரை செம்பனைப் பூக்களுக்கு மகரந்தம் தூவுவது பெண்களின் வேலை. தோட்டத்துப் பெண்கள் கையில் தூளோடு மரம் மரமாகப் போய் ஊதிவிட்டு வருவார்கள். அந்த ஆண்டு கேமரூனிலிருந்து, எள்ளைவிடச் சற்றே பெரிய ஒரு வண்டைக் கொண்டுவந்து தோட்டங்களில் விட்டார்கள். ஆப்பிரிக்காவில் அந்த வேலையைச் செய்துகொண்டிருந்தது அதுதான். அது பரவிய பிறகு குலைகள் பருத்தன. எடைமேடையில் முள் எங்கே நிற்கும் என்று எனக்குப் பழகிப்போயிருந்த இடத்தைத் தாண்டிப் போய் நின்றது. பழைய லாரியில் அதே எண்ணிக்கைக் குலைகளை ஏற்றினால் அச்சு தாங்காது என்று டிரைவர்கள் முணுமுணுத்தார்கள். தூள் ஊதிய அக்காமார்களுக்கு அந்த வேலை போனது. சடக்கில் புதிது புதிதாகப் பள்ளம் விழுந்தது. இந்த இரண்டையும் ஒரு வண்டோடு சேர்த்துப் பேசியவர்களை எடைமேடைக்கு வெளியே நான் அதிகம் பார்த்ததில்லை.

இடையில் போர்க் காலத்தையும் அவசரகாலத்தையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அவற்றை முழுதாகச் சொல்ல வேண்டியவர்கள் போய்விட்டார்கள். 1942, 43-இல் ஜப்பான்காரன் சயாம் ரயில் பாதைக்கு ஆள் பிடித்தபோது, தோட்டங்களிலிருந்து லாரியில் ஏற்றப்பட்டவர்கள் இந்தச் சடக்கு வழியாகத்தான் போனார்கள். தாத்தாவின் கூட்டத்திலிருந்து போன நான்கு பேரில் ஒருவர் திரும்பினார். கம்யூனிஸ்ட் கிளர்ச்சியை அடக்க அறிவித்து, 1948-இல் தொடங்கி 1960 வரை நீடித்த அவசரகாலத்தில், பதுங்கித் தாக்குவார்கள் என்ற பயத்தில் சடக்கின் இரண்டு ஓரங்களையும் வெட்டி வெட்டவெளியாக்கச் சொன்னார்கள். அந்த வேலையையும் ரோட்டுக் கூட்டம்தான் செய்தது. அரிசி வெளியே போய்விடக்கூடாது என்று வாசலுக்கு வாசல் சோதனை இருந்தது. தாத்தா அந்தப் பன்னிரண்டு வருடங்களைப் பற்றி ஒரே ஒரு வாக்கியம்தான் சொல்வார்: “புல்லு வெட்டுறவனுக்கு முன்னால துப்பாக்கி, பின்னால துப்பாக்கி.”

இனி நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். 1957-இல் எழுதப்பட்ட நம் கூட்டரசு அரசமைப்புச் சட்டத்தில் 109-ஆம் பிரிவு என்று ஒன்று உண்டு. மாநிலங்களுக்குக் கூட்டரசு அரசாங்கம் தர வேண்டிய மானியங்களைச் சொல்வது அது. தலைக்கு இவ்வளவு என்று மக்கள்தொகையைப் பார்த்துத் தருவது ஒரு மானியம். சாலை மைலுக்கு இவ்வளவு என்று தருவது இன்னொன்று. ஒரு மைல் மாநிலச் சாலையைக் குறைந்தபட்சத் தரத்தில் பராமரிக்க ஆகும் செலவை, அந்தத் தகுதி பெற்ற மைல்களின் எண்ணிக்கையால் பெருக்கித் தொகையைக் கணக்கிட வேண்டும் என்று பத்தாவது அட்டவணை விளக்குகிறது. ஒரு நாட்டின் அரசமைப்புச் சட்டம் ரோட்டு மைலை எண்ணுகிறது என்பதை முதன்முதலில் படித்தபோது எனக்கு மரியாதை வந்தது. தாத்தா புல் வெட்டிய ஒவ்வொரு கட்டையும் அந்தக் கணக்கில் இருந்திருக்கிறது. மாநில எல்லைக்குள் பணம் வரக் காரணமான சடக்கு என்பதால்தான், எவ்வளவு சிறியதாக இருந்தாலும், அதற்கு ஓர் எழுத்தும் எண்ணும் கொடுத்துப் பதிவேட்டில் வைத்திருக்கிறார்கள்.

ஆனால் அந்தக் கணக்கில் தோட்டச் சடக்கு சேராது. தோட்டம் தனியார் நிலம்; அதன் உள்ளே எத்தனை நூறு குடும்பங்கள் இருந்தாலும், பள்ளிக்கூடமும் கோயிலும் இருந்தாலும், உள்ளே ஓடுவது கம்பெனியின் பாதை. அதற்கு அரசாங்கத் தார் கிடையாது. கம்பெனிக்கோ பழம் வெளியே வந்தால் போதும், அதற்கு லாட்ரைட் என்ற செம்மண் கல்லைக் கொட்டி உருட்டிவிட்டால் தீர்ந்தது. தண்ணீருக்கும் மின்சாரத்துக்கும் தோட்ட மக்கள் பட்ட பாட்டைப் பலரும் எழுதியிருக்கிறார்கள். அந்தப் பாட்டுக்கெல்லாம் அடியில் இருந்தது, இது அரசாங்க நிலமில்லை என்ற இந்த ஒரே வாக்கியம்தான். அதைக் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் எங்கள் தோட்டச் சந்திக்கு வந்தால் போதும். கறுப்புத் தார் ஒரு கோடு கிழித்தாற்போல முடியும், அங்கிருந்து செம்மண். தாரின் ஓரம் இரண்டு விரற்கடை உயரத்துக்கு உதடு போல நிற்கும். சைக்கிளில் வருகிறவர்கள் அந்த உதட்டில் ஏறும்போது எழும் ‘டக்’ என்ற சத்தத்தை வைத்தே, வீட்டுக்குள் இருந்தபடி யார் வருகிறார்கள் என்று சொல்லிவிடலாம்.

1975-இல் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியை முடித்துவிட்டுப் பட்டணத்து இடைநிலைப்பள்ளியில் ரிமூவ் வகுப்புக்கு, அதாவது தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளுக்கான ஓராண்டு புகுமுக வகுப்புக்கு, போனேன். வெள்ளைச் சப்பாத்து கட்டாயம். மழை பெய்த இரவுக்கு மறுநாள் தோட்டச் சடக்கில் நடந்தால் கணுக்கால் வரைக்கும் சிவப்பு. அதனால் நாங்கள் ஏழெட்டுப் பிள்ளைகளும் சப்பாத்தின் கயிறுகளை முடிந்து கழுத்தில் மாட்டிக்கொண்டு, வெறுங்காலோடு சந்தி வரை வருவோம். சந்தியில் ஒரு குழாய்ப் பாலம் இருந்தது. அதன் கீழே ஓடும் காண் தண்ணீரில் காலைக் கழுவி, தாரின் மேல் ஏறி நின்று, காலுறையால் துடைத்து, அப்புறம் சப்பாத்தை மாட்டுவோம். ஈரக் காலுறையோடு அன்று முழுவதும் வகுப்பில் இருக்க வேண்டும். பேருந்துக்காரர் தாரில் நிற்பவர்களைத்தான் ஏற்றுவார். ஒருநாள் பேருந்து முன்னதாக வந்துவிட, ஒரு கால் கழுவியும் ஒரு கால் கழுவாமலும் ஓடி ஏறினேன். வகுப்பு வாசலில் ஆசிரியர் ஒருவர் என் காலைப் பார்த்துவிட்டு, தோட்டத்துப் பிள்ளைகளா என்று மலாயில் கேட்டார். அவர் குரலில் கோபம் இல்லை. தெரிந்த ஒன்றைச் சரிபார்த்துக்கொள்கிறவரின் குரல். எனக்கு அது இன்னும் காதில் இருக்கிறது.

ஓய்வு பெற்றுத் தாத்தா எங்கள் லயத்துக்கே வந்து சேர்ந்திருந்தார். அன்று மாலை அவரிடம், நீங்கள் ரோடு போடும்போது ஏன் எங்கள் பக்கம் போடவில்லை என்று சண்டைக்குப் போனேன். அவர் வெற்றிலையை மென்று முடிக்கும்வரை பதில் சொல்லவில்லை. பிறகு சொன்னார்: “போட்டேன்டா. சாயங்காலம் பீப்பாயில மிச்சம் இருக்கும்ல, அத எங்க தூக்கிட்டுப் போறது? மேஸ்திரி சைக்கிள எடுத்துட்டுப் போனதும் உங்க சந்தியில உள்ள குழியில ஊத்திருவோம். போயி தோண்டிப் பாரு.” நான் தோண்டவில்லை. ஆனால் அடுத்த மழைக்குப் பிறகு செம்மண் கரைந்தபோது, தாரின் உதட்டுக்கு அப்பால், தோட்டப் பக்கம், ஆறேழு அடி தள்ளிச் சோறு வடித்த கஞ்சி உறைந்தது போல ஒரு கறுப்புத் தகடு தெரிந்தது. அதற்குள் ஒரு சோடா மூடிகூடப் பதிந்திருந்தது.

பெரிய சடக்கு அதன் பிறகு பல கனங்களைச் சுமந்தது. பட்டணத்துக்கு அந்தப் பக்கம் ஈயம். மிதந்துகொண்டே மண்ணை வாரும் இரும்புக் கப்பல்கள் இரவெல்லாம் கறகறக்கும் சத்தம், காற்று அடிக்கிற பக்கத்தைப் பொறுத்துத் தோட்டத்துக்கே கேட்கும். 1985 அக்டோபரில், ஈய விலையைத் தாங்கிப் பிடித்துவந்த அனைத்துலக ஈய மன்றம் கடனில் கவிழ்ந்து சந்தை விழுந்ததும், அந்தச் சத்தம் ஒவ்வொன்றாக அடங்கிப்போயிற்று. கப்பல்கள் தோண்டிய இடமெல்லாம் ஏரியாகக் கிடக்கிறது. ஈயம் போன பிறகு மிச்சமிருந்த மணலுக்கு விலை வந்தது. மணல் லாரிகள் வந்தன. செம்பனை லாரியிலிருந்து விழுவது ஒரு குலை, பார்த்து ஒதுங்கலாம். மணல் லாரியிலிருந்து விழுவது கண்ணுக்குத் தெரியாது, வளைவில் சக்கரம் வழுக்கும்போதுதான் தெரியும். எனக்கு இடது தோள்பட்டை எலும்பு முறிந்தது அப்படி ஒரு வளைவில்தான். இரண்டு தோட்டங்களின் எல்லை மூக்கு அது. எந்த லாரி என்று கடைசிவரை தெரியவில்லை. வாழ்நாள் முழுவதும் லாரி நம்பர் எழுதியவனுக்கு அந்த ஒரு நம்பர் மட்டும் கிடைக்கவில்லை.

கடல் பக்கம் போகப் போக நிலம் மெத்தென்று ஆகிவிடும். கீழே களிமண், ஆற்றுக்கு வடக்கே போனால் மலாய்க்காரர்கள் தானா கம்புட் என்று சொல்லும் மக்கிய சதுப்பு மண், வறட்சியில் அடியோடு புகையும் மண். அந்தப் பக்கத்தில் சடக்கு எத்தனை முறை மட்டப்படுத்தினாலும் இரண்டு வருடத்தில் அலை அலையாக எழுந்து தணிந்துவிடும். மோட்டாரில் போனால் படகில் போவது போல இருக்கும். கம்போங் குவாந்தானில் பெரெம்பாங் மரங்களில் மின்மினி பார்க்க வருகிற வெளியூர்ப் பேருந்துகள் இருட்டில் அந்த அலைகளில் ஏறி இறங்குவதைப் பார்த்தால், மின்மினியைவிட அதுவே நல்ல வேடிக்கை.

2007-இல் எங்கள் பட்டணத்தின் பெயரை மாற்றினார்கள். பத்தாங் பெர்ஜுந்தை என்றால் தொங்கும் மரத்தண்டு. அதற்கு வேறு ஒரு பொருள் எடுத்துச் சிரிப்பவர்கள் அதிகமாகிவிட்டதால், பெஸ்தாரி ஜெயா என்று ஆயிற்று. அதே ஆண்டு ஏப்ரலில் ஈஜோக் சட்டமன்ற இடைத்தேர்தல் வந்தது. எங்கள் பட்டணமும் அந்தத் தொகுதிதான். நாடே திரும்பிப் பார்த்த அந்தச் சில வாரங்களில், காலம் காலமாகக் கேட்டுக் கிடைக்காத தார் எங்கிருந்தோ வந்து கொட்டியது. இரவில் விளக்குப் போட்டு வேலை செய்தார்கள். எனக்கு அதில் குறை ஒன்றும் இல்லை. எந்தக் கட்சிக்காரர் போட்டாலும் தார் தார்தான். அப்போதும் எங்கள் சந்தியில் அது பழைய இடத்தில்தான் நின்றது. 2011-இல் லத்தார் நெடுஞ்சாலை திறந்த பிறகு, ஈஜோக்கிலிருந்து ரவாங் பக்கம் போகிறவர்கள் டோல் கட்டி அதில் பறந்துவிடுகிறார்கள். பல்கலைக்கழகம் வந்ததால் காலையில் மாணவர்களின் மோட்டார்கள், மாலையில் தொழிற்சாலைப் பேருந்துகள் என்று பழைய சடக்கும் காலியாக இல்லை. தோட்ட லயங்களில்தான் ஆள் இல்லை. எங்கள் லயத்தை இடித்து, சந்தியிலிருந்து கொஞ்சம் தள்ளி வீடுகள் கட்டிக் கொடுத்தார்கள். நான் இருப்பது அந்த வீடுகளில் ஒன்றில். பழம் ஏற்றுகிறவர்கள் இப்போது இந்தோனேசியாவிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்தவர்கள்.

போன மாதம் பெரிய சடக்கில் மறுபடியும் தார் போட்டார்கள். பழைய மேல்தோலைச் சுரண்டும் இயந்திரம், தார் விரிக்கும் இயந்திரம், உருளை என்று வரிசையாக வந்து, தாத்தாவின் கூட்டம் ஒரு மாதம் பார்த்த வேலையை ஒரே பகலில் முடித்துக்கொண்டு போயின. மாலையில் நடைக்குப் போன நான், வேலைகள் இருந்தும் இல்லாதவனைப் போல, குழாய்ப் பாலத்தின் மேல் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். சந்தியில் சரியாகக் கயிறு பிடித்து ஓரத்தை வெட்டினார்கள். கோடு நேராக இருந்தது. உதடு இந்த முறை மூன்று விரற்கடை.

மேற்பார்வையாளரின் காடி கிளம்பிப் போனதும், இரண்டு வங்காளதேசத்துப் பையன்கள் தள்ளுவண்டியின் அடியில் ஒட்டியிருந்த தாரை மண்வெட்டியால் சுரண்டிக்கொண்டிருந்தார்கள். ஒருவன் சுற்றுமுற்றும் பார்த்தான். மற்றவன் என்னைப் பார்த்தான். நான் தலையை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டேன். வண்டியைத் தோட்டப் பக்கம் தள்ளிப்போய், சந்தியில் நெடுநாளாகத் தண்ணீர் தேங்கி நிற்கும் குழியில் கவிழ்த்து, மண்வெட்டியின் முதுகால் நான்கு தட்டுத் தட்டிவிட்டு வந்தார்கள். ஆறிப்போன தார், சரியாக இறுகவில்லை. குழியாக இருந்த இடம் இப்போது மேடாக இருக்கிறது; என் மோட்டாரின் அடிப்பாகம் தினமும் அதில் உரசுகிறது.